காறை எலும்பு முறிவு: காரணமும் சிகிச்சையும்

அம்பாங் வட்டாரத்தில் வாழும் நம் சகோதரர்கள் பலர் வேலைக்கும் கடைக்கும் மோட்டார் சைக்கிளிலேயே போய் வருகின்றனர். மழையில் நனைந்த சாலையில் வண்டி வழுக்கித் தோள் தரையில் மோதினால் எளிதில் முறியக்கூடியது காறை எலும்பு. அதைச் சுளுக்கு என்று எண்ணி, எண்ணெய் தடவி உருவிவிடும் வழக்கம் நம்மிடையே இன்னும் இருக்கிறது. இது அபாயமான வழக்கம். ஆகவே இவ்வெலும்பைப் பற்றி ஒவ்வொரு குடும்பத்தாரும் அறிந்திருக்க வேண்டியவற்றை இங்கே எழுதுகிறோம்.

எலும்பின் அமைப்பு

காறை என்பது கழுத்தை ஒட்டி அணியும் ஓர் ஆபரணம். அது படியும் இடத்தில் இருப்பதால் இவ்வெலும்புக்கு இப்பெயர் வந்தது. ஆஸ்பத்திரிகளில் இதை மலாய் மொழியில் துலாங் செலாங்கா என்பர். நெஞ்செலும்பின் மேல்முனையிலிருந்து தோள் வரையில், பக்கத்துக்கு ஒன்றாக இது அமைந்திருக்கிறது. விரலால் தடவினாலே தெரியும். கையை உடலோடு எலும்பு வழியாக இணைப்பது இது ஒன்றுதான். தாயின் வயிற்றில் முதன்முதலாக எலும்பாக மாறத் தொடங்குவது இதுவே. முற்றிலும் வளர்ந்து முடிவதோ ஏறக்குறைய 25 வயதில்.

இரு வளைவுகளுடன் நெளிந்திருக்கும் இவ்வெலும்பின் நடுப்பாகம் மெல்லியது. நூற்றுக்கு ஏறக்குறைய 80 முறிவுகள் அந்த நடுப்பாகத்திலேயே நிகழ்கின்றன. அதன் கீழேதான் கைக்குச் செல்லும் பெரிய இரத்தக் குழாய்களும், நரம்புக் கற்றையும், நுரையீரலின் உச்சியும் இருக்கின்றன. இதை வாசகர்கள் மறவாதிருக்க வேண்டுகிறோம்.

காரணங்கள்

தோள் நேராகத் தரையில் மோதுவதே முதற் காரணம். நீட்டிய கையை ஊன்றி விழுவதாலும் முறிவதுண்டு. வாகன விபத்து, சைக்கிளிலிருந்து விழுதல், பந்தாட்டம் ஆகியவை வாலிபர்களுக்கும், கட்டிலிலிருந்து விழுதல் சிறுவர்களுக்கும், குளியலறையில் வழுக்குதல் முதியோருக்கும் காரணங்களாகின்றன. பிரசவத்தின்போது குழந்தையின் தோள் சிக்கிக்கொண்டால் பச்சிளங் குழந்தைக்கும் முறியலாம்.

மலேசியாவில் சாலை விபத்தில் மாண்டு போவோரில் பாதிக்கு மேற்பட்டோர் மோட்டார் சைக்கிளில் சென்றவர்களே. 1973 முதல் தலைக்கவசம் சட்டப்படி கட்டாயம். அது தலையைக் காக்கும், தோளைக் காக்காது. மழை நேரத்தில் வேகத்தைக் குறைப்பதே தோளுக்குக் கவசம்.

அறியும் முறை

முறிந்தவர் அடிபட்ட கையை மற்றொரு கையால் தாங்கிக்கொண்டு, தலையை அப்பக்கமாகச் சாய்த்திருப்பார். தோள் சற்றுத் தாழ்ந்தும் முன்னோக்கியும் இருக்கும். எலும்பின்மேல் வீக்கம், கன்றிய நிறம், தொட்டால் கடும் வலி, கையை உயர்த்த இயலாமை ஆகியவை தோன்றும். சில சமயம் உடைந்த முனை தோலைக் கூடாரம் போல் தூக்கி நிற்கும்.

டாக்டர் இவற்றைப் பார்த்ததோடு நில்லாமல், மணிக்கட்டில் நாடி ஓடுகிறதா, விரல்களில் உணர்ச்சியும் அசைவும் உண்டா, மூச்சு சீராக இருக்கிறதா என்று சோதிப்பார். பின்னர் எக்ஸ்ரே படம் எடுத்து, முறிவு எங்கே, துண்டுகள் எவ்வளவு விலகியுள்ளன என்று அறிவார். நெஞ்செலும்பை ஒட்டிய முறிவு சாதாரணப் படத்தில் தெளிவாகத் தெரியாது. அதற்கு சி.டி. ஸ்கேன் தேவைப்படலாம்.

இச்சோதனைகள் வீண் செலவு என்று எண்ணுவோருக்கு ஒரு சரித்திரச் செய்தியைச் சொல்கிறோம். இங்கிலாந்தின் முன்னாள் பிரதம மந்திரி ஸர் ராபர்ட் பீல், 1850 ஜூன் 29-ஆம் நாள் லண்டனில் குதிரையிலிருந்து விழுந்தார். குதிரையும் அவர்மேல் சரிந்தது. காறை எலும்பு முறிந்தது. மூன்றாம் நாள், ஜூலை 2-இல், அவர் இறந்தார். முறிந்த எலும்பு கீழிருந்த இரத்தக் குழாயைக் கிழித்ததே காரணம் எனக் கருதப்படுகிறது. அன்று எக்ஸ்ரே இல்லை. அது 1895-இல்தான் கண்டுபிடிக்கப்பட்டது. இத்தகைய மரணம் மிக அரிது. எனினும், கூரிய முனை எங்கே நிற்கிறது என்று தெரியாமல் அவ்விடத்தை அழுத்தி உருவுவது எவ்வளவு விபரீதம் என்பதை இதனால் உணரலாம்.

முதலுதவி

அடிபட்டவரை உட்கார வைத்து, ஒரு தலைத்துணியையோ சால்வையையோ முக்கோணமாக மடித்து, முழங்கை தாங்கும்படி கையைக் கழுத்தோடு தூளியாகக் கட்டுக. துணியில் சுற்றிய ஐஸ் கட்டியைச் சிறிது நேரம் வைக்கலாம். எலும்பைத் தள்ளிப் பொருத்த முயலலாகாது. எண்ணெய் தடவி உருவலாகாது. தோல் கிழிந்து இரத்தம் வந்தாலும், விரல்கள் மரத்தாலும் குளிர்ந்தாலும், மூச்சு முட்டினாலும் உடனே 999-ஐ அழைக்க வேண்டும். மற்றவர்களும் அன்றே ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவுக்குச் செல்வதே முறை.

சிகிச்சை

துண்டுகள் அதிகம் விலகாத முறிவுக்குத் தூளியும் வலி மாத்திரையுமே சிகிச்சை. எலும்பு தானே கூடும். பச்சிளங் குழந்தைக்கு இரண்டு வாரமளவிலும், சிறுவர்களுக்கு 3 முதல் 6 வாரத்திலும், பெரியவர்களுக்கு 6 முதல் 12 வாரத்திலும் கூடுவது வழக்கம். இரு தோள்களையும் பின்னுக்கு இழுத்து எட்டு வடிவில் கட்டும் முறை முன்பு பெரிதும் வழக்கில் இருந்தது. அது தூளியைவிடச் சிறந்ததன்று என்றும், நோயாளிக்கு அதிகத் தொல்லை தருவது என்றும் பிற்கால ஆராய்ச்சிகள் காட்டின.

எலும்பு தோலைக் கிழித்து வெளிவந்தாலும், இரத்தக் குழாயோ நரம்போ சேதமுற்றாலும் அறுவை சிகிச்சை அவசியம். துண்டுகள் மிகவும் விலகியோ ஒன்றன்மேல் ஒன்று ஏறியோ இருந்தால், உலோகத் தகடும் திருகாணியும் வைத்துப் பொருத்துவது பற்றி டாக்டர் கூறுவார். 1960-களில், இம்முறிவு அநேகமாக எப்போதும் தானே கூடும் என்றே வைத்தியர்கள் நம்பினர். 2007-இல் கனடாவில் 132 பேரை வைத்து நடந்த ஆராய்ச்சியில், முற்றிலும் விலகிய முறிவுகளில் தகடு வைத்தவர்களுக்கு எலும்பு கூடாமற் போவது குறைவு என்று தெரிந்தது. ஆனால் தகட்டால் உறுத்தல், தழும்பைச் சுற்றி மரத்தல், கிருமித் தொற்று ஆகியவை ஏற்படலாம். நன்மை தீமை இரண்டையும் கேட்டறிந்து முடிவு செய்க.

பின்னர் கவனிக்க வேண்டியவை

விரல்களையும் முழங்கையையும் முதல் நாளிலிருந்தே அசைத்து வரவேண்டும். இல்லையேல் அவை விறைத்துவிடும். தலையணைகளில் சாய்ந்து உறங்கினால் வலி குறையும். டாக்டர் அனுமதிக்கும் வரை கையைத் தோளுக்கு மேல் தூக்குவதும், பாரம் சுமப்பதும், வண்டி ஓட்டுவதும் கூடா. வலி நின்றதும் எலும்பு கூடிவிட்டது என்று தூளியைக் கழற்றி வேலைக்கு ஓடுவோர் பலர், இது தவறு. புகைபிடிப்பது எலும்பு கூடுவதைத் தடுக்கும். அதை அறவே விட வேண்டும். கூடிய இடத்தில் சிறு புடைப்பு நிலைத்திருக்கலாம். அதனால் கெடுதி இல்லை. கையூன்றி ஸுஜூது செய்ய இயலாதவர், இயன்ற அளவில் தொழ மார்க்கத்தில் சலுகை உண்டு.

தொழிலாளர் சகோதரர்களுக்கு ஒரு வார்த்தை. 1969-ஆம் ஆண்டின் சொக்சோ சட்டப்படி, வேலையிடத்தில் மட்டுமன்றி, வேலைக்குப் போய் வரும் வழியில் நேரும் விபத்துக்கும் உதவி பெற வழி உண்டு. ஆகவே போலீஸ் புகாரின் நகலையும், டாக்டர் தந்த விடுப்புச் சீட்டையும், ஆஸ்பத்திரிக் காகிதங்களையும் பத்திரமாக வைத்து, முதலாளியிடம் தாமதமின்றித் தெரிவிக்க வேண்டும். உருவிவிட்டவரிடம் இக்காகிதங்கள் எதுவும் கிடைக்கா.

காறை எலும்பு தானே கூடும் இயல்புடையது. நாம் செய்ய வேண்டியது அதற்கு ஊறு செய்யாமல், காலத்தே படம் எடுத்துப் பார்த்து, பொறுமையுடன் தாங்கி நிற்பதே. இதை வீட்டாருக்கும் அண்டை அயலாருக்கும் படித்துக் காட்டுமாறு அன்பர்களைக் கேட்டுக்கொள்கிறோம்.