பகிர்ந்து வாழ்ந்த புத்தக வணிகர்

பொருளீட்டுதல் திறமை, அதனைப் பிறர்க்குப் பயன்படுத்துதல் தர்மம். இவ்விரண்டும் ஒருங்கே அமைந்தவர் பால் ஹாம்லின்.

1926-ஆம் ஆண்டு பெர்லினில் யூதக் குடும்பத்தில் பிறந்த அவர், நாஜிகளின் கொடுமை காரணமாக 1933-இல் குடும்பத்தோடு இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்தார். இளமையிலேயே தந்தையை இழந்தார். லண்டனின் காம்டன் பகுதியில், விற்காமல் தேங்கிய நூல்களை மலிவாக வாங்கித் தள்ளுவண்டியில் விற்றார். புத்தகக் கடைக்குள் நுழையத் தயங்கும் எளிய மக்களை அவர் மறக்கவில்லை. பின்னர் பதிப்பாளராகி, வண்ணப்படங்கள் நிறைந்த நூல்களைக் குறைந்த விலையில் வெளியிட்டு, பல்பொருள் அங்காடிகளிலும் கிடைக்கச் செய்தார்.

1987-இல் தம் பெயரில் அறக்கட்டளை நிறுவினார். கலையும் கல்வியும் எட்டாதோர்க்கு அவற்றை எட்டச்செய்வது அதன் நோக்கம். அடைக்கலம் தந்த பிரிட்டனோடு நில்லாது, இந்தியாவின் தொண்டு நிறுவனங்களுக்கும் அது உதவி வருகிறது. 2001-இல் மறைந்தபோது, தம் செல்வத்தின் பெரும்பகுதியை அதற்கே விட்டுச் சென்றார்.

கைம்மாறு கருதாத ஈகையைச் சாத்விக தானம் என வகுக்கிறது கீதையின் 17-ஆம் அத்தியாயம். அதற்குப் பெருஞ்செல்வம் தேவையில்லை. நாம் படித்து முடித்த ஒரு நூலை, அதனை வாங்க இயலாத மாணவனிடம் சேர்ப்பதும் வித்யாதானமே.