வானத்திலிருந்து விழுந்தவனும் சீனப் பெண்ணும்

கேள்வி: விமுக்தி ஜயசுந்தரவின் ‘அஹசின் வெட்டெய்’ படத்தில் கதாநாயகன் கலவரத்திலிருந்து காப்பாற்றும் வெளிநாட்டுப் பெண் யார்?
- வாசகர், குறிஞ்சாக்கேணி

பதில்: சீன நடிகை ஹுவாங் லூ. நம் பக்கம் அவரை அறிந்தவர்கள் அரிது.

2007இல் லீ யாங் இயக்கிய ‘பிளைண்ட் மவுண்டன்’ படத்தின் நாயகி அவர்தான். படித்த பெண்ணொருத்தி, வேலை கிடைக்கும் என்று நம்பி மலைக்கிராமத்துக்குப் போகிறாள். அங்கே மணப்பெண்ணாக விற்கப்படுகிறாள். தப்பி ஓடுவதும் பிடிபடுவதுமாக நகரும் படத்தில், அந்த ஆத்திரம் முழுவதையும் முகத்திலேயே தாங்கியிருப்பார். கான் விழாவிலும் அது திரையிடப்பட்டது.

‘அஹசின் வெட்டெய்’ வேறு ரகம். வானத்திலிருந்து ஒருவன் கடலில் விழுகிறான்; நகரத்தில் இளைஞர்கள் தொலைக்காட்சிப் பெட்டிகளைப் போட்டு உடைக்கிறார்கள். ஏன் என்று படம் சொல்வதில்லை. வானத்திலிருந்து விழுந்தவனாக நடித்தவர் துஷித லக்நாத். கதையைத் தேடிப் போகிறவருக்கு எரிச்சல்தான் மிஞ்சும். 2009இல், இலங்கையில் போர் முடிந்த அதே ஆண்டில், வெனிஸ் விழாப் போட்டிப் பிரிவுக்குப் போன படம் இது. கலவர நாட்டின் நடுவே மொழி தெரியாத ஒருத்தியை நிறுத்தியது, என் கணக்கில், இயக்குநரின் சரியான முடிவு.

ஹுவாங் லூவின் நடிப்பை அறிய முதலில் ‘பிளைண்ட் மவுண்டன்’ பாருங்கள். சிறுவர்களோடு சேர்ந்து பார்க்க வேண்டாம்.