புள்ளிகள் நின்ற பிறகும் நடப்போமா? அலுவலக நலச் செயலிகள் குறித்து ஒரு பாடம்



பெரிய நிறுவனங்கள் பலவும் இப்போது தம் ஊழியர்களின் கைபேசியில் ஒரு நலச் செயலியை ஏற்றச் சொல்கின்றன. ஒரு நாளில் எத்தனை அடி நடந்தோம், எவ்வளவு நேரம் தூங்கினோம், எவ்வளவு தண்ணீர் குடித்தோம் என்பதையெல்லாம் அது குறித்துக்கொள்கிறது. ஒவ்வொன்றுக்கும் புள்ளி உண்டு. புள்ளி சேர்ந்தால் பதக்கம் வரும். அலுவலகத்தில் யார் முதலிடம் என்று பட்டியல் வரும். சில இடங்களில் பரிசுக் கூப்பனும் கிடைக்கும்.

வேலைக்குப் போகும் பிள்ளைகள் உள்ள வீடுகளில் இதைப் பற்றிக் கேள்விகள் எழுவது இயல்பு. இதனால் உடலுக்கு உண்மையில் நன்மை உண்டா? மறுத்தால் வேலைக்குப் பாதகம் வருமா? நம் விவரங்கள் யார் கைக்குப் போகின்றன? இவற்றுக்கு விடை தேட ஓர் அளவுகோல் வேண்டும். "புள்ளியும் பரிசும் நின்றுபோன பிறகு அந்தப் பழக்கம் நம்மிடம் இருக்குமா?" என்ற கேள்வியையே அளவுகோலாகக் கொண்டு இப்பாடத்தைப் படிப்போம்.

1. விளையாட்டு எப்படி வேலை செய்கிறது?

புதிதாக நூறு ரூபாய் கிடைக்கும்போது வரும் மகிழ்ச்சியைவிட, சட்டைப் பையில் இருந்த நூறு ரூபாய் தொலைந்தால் வரும் வருத்தம் பெரிது. நல்ல செயலிகள் மனிதரின் இந்த இயல்பைப் பயன்படுத்துகின்றன.

அமெரிக்காவில் டெலாய்ட் நிறுவன ஊழியர்களிடம் நடந்த ஓர் ஆய்வு இதற்கு எடுத்துக்காட்டு. அதன் முடிவுகள் 2019இல் வெளிவந்தன. உடல் எடை கூடுதலாக உள்ள 602 பேர் கலந்துகொண்டனர். எல்லோருக்கும் அடிகளை எண்ணும் கைக்கடிகாரம் தரப்பட்டது. ஒரு பிரிவினருக்குக் கடிகாரம் மட்டும்தான், விளையாட்டு இல்லை. மற்றவர்களுக்கு ஒவ்வொரு வாரத் தொடக்கத்திலும் 70 புள்ளிகள் முன்கூட்டியே கொடுக்கப்பட்டன. தாம் ஏற்றுக்கொண்ட நடை இலக்கை ஒரு நாள் எட்டாவிட்டால் 10 புள்ளி குறையும். வார முடிவில் மிஞ்சும் புள்ளியைப் பொறுத்து வெள்ளி, தங்கம் என்று படிநிலை ஏறும் அல்லது இறங்கும்.

விளையாடியவர்கள் மூன்று வகையாகப் பிரிக்கப்பட்டனர். முதல் வகையினரின் வாராந்திர விவரம் அவர்கள் தேர்ந்தெடுத்த ஓர் உறவினருக்கோ நண்பருக்கோ அனுப்பப்பட்டது. இரண்டாம் வகையில் மூன்று பேர் ஓர் அணியாகச் சேர்ந்து புள்ளியைக் காத்தனர். மூன்றாம் வகையில் மூன்று பேர் ஒருவரோடொருவர் போட்டியிட்டனர்.

2. கிடைத்த பலன் என்ன?

விளையாட்டு நடந்த 24 வாரங்களிலும் மூன்று வகையினருமே, கடிகாரம் மட்டும் பெற்றவர்களைவிட அதிகமாக நடந்தனர். போட்டியிட்டவர்கள் நாளொன்றுக்கு 920 அடி கூடுதலாக நடந்தார்கள். உறவினர் துணை பெற்றவர்கள் 689 அடியும், அணியாகச் சேர்ந்தவர்கள் 637 அடியும் கூடுதலாக நடந்தார்கள். ஆகவே விளையாட்டு ஆளை எழுப்பி நடக்க வைக்கிறது என்பதில் ஐயமில்லை.

பிறகு விளையாட்டு நிறுத்தப்பட்டது. மேலும் 12 வாரங்கள் அவர்களுடைய நடை மட்டும் கணக்கெடுக்கப்பட்டது. அப்போது போட்டிப் பிரிவில் மட்டுமே உறுதியான வித்தியாசம் மிஞ்சியது. அதுவும் 569 அடியாகக் குறைந்துவிட்டது. மற்ற இரு பிரிவுகளிலும் உறுதியாகச் சொல்லத்தக்க வித்தியாசம் இல்லை. புள்ளி தொடக்கி வைக்கும். தொடரச் செய்வதற்கு வேறொன்று வேண்டும் என்பதே இதில் நாம் பெறும் முதல் பாடம்.

மாசசூசெட்ஸ் மாநிலத்தில் 94 குடும்பங்களைச் சேர்ந்த 200 பேரிடம் இதே வகை விளையாட்டு நடத்தப்பட்டு, 2017இல் முடிவுகள் வெளிவந்தன. அங்கே ஒரு குடும்பமே ஓர் அணி. விளையாடிய குடும்பத்தினர் 100 நாட்களில் 53 நாட்கள் என்ற விகிதத்தில் இலக்கை எட்டினர். விளையாடாதவர்களுக்கு அது 32. விளையாட்டு முடிந்து 12 வாரங்கள் பார்த்தபோது, அவர்களுடைய வேகம் குறைந்திருந்தாலும் மற்றவர்களைவிட முன்னாலேயே இருந்தார்கள். வாப்பாவும் மகனும், தாயும் மகளும் சேர்ந்து எடுக்கும் முயற்சிக்கு ஆயுள் அதிகம் என்று இதிலிருந்து எண்ண இடமுண்டு.

3. இலக்கு எங்கிருந்து வந்தது?

பல செயலிகள் நாளொன்றுக்கு 10,000 அடி என்று இலக்கு வைக்கின்றன. இது மருத்துவர்கள் கண்டுபிடித்த எண் என்று பலர் நினைக்கிறார்கள். டோக்கியோ ஒலிம்பிக் முடிந்த மறு ஆண்டு, 1965இல், ஜப்பானிய நிறுவனம் ஒன்று அடி எண்ணும் கருவி ஒன்றை விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதன் பெயர் 'மான்போ-கெய்'. 'பத்தாயிரம் அடி மானி' என்று பொருள். சொல்ல எளிதாக இருந்த அந்த எண் உலகம் முழுதும் பரவிவிட்டது.

சராசரி 72 வயதுள்ள 16,741 பெண்களிடம் அமெரிக்காவில் நடந்த ஆய்வு 2019இல் வெளியானது. நாளுக்கு ஏறத்தாழ 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களிடம் இறப்பு விகிதம் தெளிவாகக் குறைந்திருந்தது. 7,500 அடிவரை அது மேலும் குறைந்தது. அதற்கு மேல் பெரிய மாற்றமில்லை. எனவே வீட்டிலுள்ள பெரியவர்கள் பத்தாயிரம் எட்டவில்லையே என்று மனம் தளர வேண்டியதில்லை. இப்போது நடப்பதைவிடச் சற்றுக் கூட்டினாலே பலன் உண்டு.

4. ஒரு நாள் தவறினால்?

தொடர்ந்து எத்தனை நாள் செய்தீர்கள் என்று செயலி கணக்கு வைக்கிறது. நாற்பது நாள் நடந்துவிட்டு, காய்ச்சலில் ஒரு நாள் படுத்தால் கணக்கு பூஜ்யத்துக்குப் போய்விடும். "எல்லாம் போயிற்று" என்று பலர் அத்தோடு விட்டுவிடுகிறார்கள்.

லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரி ஆய்வாளர்கள் 96 பேரை 12 வாரங்கள் கவனித்தார்கள். ஒரு புதிய செயல் தானாக நடக்கும் பழக்கமாவதற்கு நடுத்தரமாக 66 நாட்கள் ஆயின. ஆளுக்கு ஆள் இது 18 நாட்களிலிருந்து 254 நாட்கள்வரை மாறுபட்டது. இடையில் ஒரு நாள் விட்டுப்போனதால் பழக்கம் உருவாவதில் குறிப்பிடத்தக்க பாதிப்பு ஏற்படவில்லை. செயலியின் கணக்கில் பூஜ்யம் விழலாம். உடலின் கணக்கில் விழுவதில்லை. மறுநாள் எழுந்து நடந்தால் போதும்.

5. கட்டாயம் நுழைந்தால்

அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியா மாநிலத்தில் அரசு ஊழியர்களுக்கும் ஆசிரியர்களுக்கும் மருத்துவக் காப்பீட்டோடு 'கோ365' என்ற செயலித் திட்டம் இணைக்கப்பட்டது. அதில் 3,000 புள்ளி சேர்க்காதவர்கள் மாதம் 25 டாலர் கூடுதலாகக் கட்ட வேண்டும் என்று அறிவித்தார்கள். ஏற்கெனவே குறைந்த சம்பளத்தாலும் ஏறிவரும் காப்பீட்டுச் செலவாலும் நொந்திருந்த ஆசிரியர்களுக்கு, தம் நடையையும் உடல் விவரங்களையும் காப்பீட்டாரிடம் காட்டாவிட்டால் தண்டம் என்பது பெரும் அவமதிப்பாகப் பட்டது. எதிர்ப்பு கிளம்பியதும் திட்டம் கைவிடப்பட்டது. ஆனால் மற்றக் குறைகள் தீரவில்லை. 2018 பிப்ரவரி 22 அன்று 55 மாவட்டங்களிலும் ஆசிரியர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். 5 விழுக்காடு சம்பள உயர்வு கிடைத்த பிறகே பள்ளிக்குத் திரும்பினார்கள்.

விரும்பிச் சேர்ந்தால்தான் அது விளையாட்டு. மறுப்பவருக்குத் தண்டம் என்றால், நலம் என்ற பெயரில் நடக்கும் கண்காணிப்பாகவே தொழிலாளி அதைப் பார்ப்பார்.

6. செயலியால் ஆகாதது

பிரிட்டனில் 233 நிறுவனங்களைச் சேர்ந்த 46,336 ஊழியர்களின் விவரங்களை ஆக்ஸ்போர்டு ஆய்வாளர் ஒருவர் ஆராய்ந்து 2024இல் வெளியிட்டார். மனநலச் செயலி, மன உறுதிப் பயிற்சி போன்றவற்றில் பங்கேற்றவர்கள், பங்கேற்காதவர்களைவிட நலமாக இருந்ததாகத் தெரியவில்லை. ஒன்று மட்டும் விதிவிலக்கு. தொண்டுப் பணியில் ஈடுபட வாய்ப்புப் பெற்றவர்கள் மேம்பட்டிருந்தார்கள். பிறருக்கு உதவியதில் தமக்கே நலம் விளைந்திருக்கிறது.

வேலைப்பளு, ஓய்வு நேரம், சம்பளம், மேலாளரின் நடத்தை ஆகியவை சரியில்லாத இடத்தில் செயலி என்ன செய்துவிடும்? பன்னிரண்டு மணி நேரம் வேலை வாங்கிவிட்டு "நன்றாகத் தூங்குங்கள், 20 புள்ளி" என்றால் அதில் பொருளில்லை.

கடையும் நிறுவனமும் நடத்தும் சகோதரர்கள் இதைச் சிந்திக்க வேண்டும். கடைகளில் ஊழியர்கள் வேலை நேரத்தில் வாய்ப்புக் கிடைக்கும்போது உட்கார இருக்கை இருக்க வேண்டும் என்று தமிழ்நாட்டில் 2021இல் சட்டத் திருத்தம் வந்தது. நாள் முழுக்க நின்று துணி எடுத்துப் போடும் பெண்ணுக்கு அடி எண்ணும் செயலி தேவையில்லை. ஒரு முக்காலிதான் அவருக்கு நலத் திட்டம்.

7. நாம் செய்யக்கூடியவை

செயலியை ஏற்றுமுன் மூன்று விவரங்களைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். இது கட்டாயமா, விருப்பமா? என் விவரங்களை என் மேலாளரோ காப்பீட்டு நிறுவனமோ பார்க்க முடியுமா? நான் விலகினால் பழைய விவரங்கள் அழிக்கப்படுமா? தெளிவான பதில் எழுத்தில் கிடைத்தால் ஏற்றலாம்.

ஏற்றிய பிறகு இலக்கை நீங்களே வையுங்கள். இப்போது 3,000 அடி நடப்பவர் 4,000 என்று தொடங்கலாம். சர்க்கரை, இருதயக் கோளாறு, மூட்டு வலி உள்ளவர்கள் மருத்துவரிடம் கேட்டுத் தொடங்குவது நல்லது. நடையை அன்றாடம் தவறாமல் செய்யும் ஒரு வேலையோடு கட்டிவிடுங்கள். மதியச் சாப்பாட்டுக்குப் பின் பத்து நிமிடம், பேருந்துக்கு ஒரு நிறுத்தம் முன்பே இறங்குவது போன்றவை புள்ளி இல்லாமலும் நிற்கும். துணைக்கு ஒருவரைச் சேர்த்துக்கொள்ளுங்கள். மஹல்லாவில் நாலைந்து பேர் சேர்ந்து நடப்பதற்குச் செலவு ஏதுமில்லை.

கலந்துரையாடுவதற்கு

1. பரிசுக்காகத் தொடங்கி, பரிசு நின்ற பிறகும் நீங்கள் விடாமல் செய்யும் பழக்கம் எது? அதை நிலைக்க வைத்தது எது?

2. உங்கள் வேலையிடத்தில் ஊழியர்களின் உடல்நலத்துக்காக ஒரே ஒரு மாற்றம் செய்யலாம் என்றால் எதைக் கேட்பீர்கள்?

3. நீங்கள் முதலாளியாக இருந்தால், உங்களிடம் வேலை செய்பவர்கள் ஒரு நாளில் எவ்வளவு நேரம் உட்கார முடிகிறது? நாளை கடையில் கவனித்துப் பாருங்கள்.