பழைய காட்சி பொய் சொல்லாதா?

ஆவணப்படத்தில் கறுப்பு வெள்ளைக் காட்சி ஒன்று ஓடத் தொடங்கியதும் நாம் கேள்வி கேட்பதை நிறுத்திவிடுகிறோம். பழைய படச்சுருள் ஒரு சாட்சிதான். ஆனால் எந்தச் சாட்சியையும் விசாரித்த பிறகே நம்ப வேண்டும்.

நம்பிக்கை: பழைய காட்சி என்றால் நடந்தது நடந்தபடியே இருக்கும்.

உண்மை: 1917 ரஷ்யப் புரட்சியில் குளிர்கால அரண்மனை தாக்கப்பட்ட காட்சி என்று பல படங்களில் வருவது, பத்தாண்டு கழித்து இயக்குநர் ஐசன்ஸ்டைன் தம் ‘அக்டோபர்’ படத்துக்காக ஆட்களை ஓடவிட்டு எடுத்தது. முதல் உலகப்போரைக் காட்டும், 1916இல் வெளியான ‘த பேட்டில் ஆஃப் த சோம்’ படத்தில் காயம்பட்டவர்களைச் சுமந்து வரும் காட்சிகள் அசல். வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் புகழ்பெற்ற காட்சியோ போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுத்தது.

நம்பிக்கை: கேட்கும் ஒலியும் அன்றே பதிவானது.

உண்மை: முதல் உலகப்போர்ச் சுருள்கள் எல்லாம் ஊமைப்படங்களே. அவற்றைக் கொண்டு உருவான பீட்டர் ஜாக்சனின் ‘தே ஷால் நாட் குரோ ஓல்ட்’ (2018) படத்தில் வீரர்களின் உதட்டசைவைப் படித்தறிந்து, நடிகர்களைக் கொண்டு பேச வைத்தார்கள். குண்டுச் சத்தமும் வண்ணமும் பின்னால் சேர்த்தவை.

நம்பிக்கை: பிரசாரத்துக்காக எடுத்த காட்சி எதற்கும் உதவாது.

உண்மை: 1942 மே மாதம், யூதர்களை அடைத்து வைத்திருந்த வார்சா கெட்டோவில் நாஜிப் படக்குழு, அவர்கள் சொகுசாக வாழ்வதுபோல் அவர்களையே நடிக்க வைத்துப் படமெடுத்தது. அதன் துண்டுகள் பல்லாண்டுகள் அசலாகவே காட்டப்பட்டன. கழித்துப்போட்ட சுருள்கள் 1998இல் கிடைத்தபோது, ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்தது வெளிப்பட்டது. இயக்குநர் யேல் ஹெர்சோன்ஸ்கி 2010இல் ‘எ ஃபிலிம் அன்ஃபினிஷ்ட்’ படத்தில், உயிர்பிழைத்தவர்களிடமே அக்காட்சிகளைப் போட்டுக்காட்டினார். எடுத்தவர்களுக்கு எதிராகவே அந்தப் பிரசாரக் காட்சிகள் பேசின.

நம்பிக்கை: கிடைத்ததை ஒட்டினால் படம் ஆகிவிடும், படமாகிவிட்டால் அழியாது.

உண்மை: ஏ. கே. செட்டியார் நாடு நாடாக அலைந்து, முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த காட்சிகளில் 50,000 அடி திரட்டினார். அதில் 12,000 அடியைத் தேர்ந்து 1940இல் காந்தி ஆவணப்படத்தை வெளியிட்டார். அந்தப் படமே பின்னாளில் கண்ணில் படாமல் மறைந்துபோக, அதன் சுருக்கிய ஆங்கில வடிவத்தைத் தேடிக் கண்டெடுக்க வேண்டியிருந்தது. 2003இல் புனேயில் ஏற்பட்ட தீ, எளிதில் பற்றிக்கொள்ளும் நைட்ரேட் சுருள்களாக இருந்த பழைய இந்தியப் படங்களை விழுங்கியது.

ஆகவே ஒவ்வொரு பழைய காட்சியிடமும் யார் எடுத்தார், யாருக்காக, எப்போது என்று கேட்போம். இயக்குநர்கள் அதற்கான விடையைப் படத்திலேயே சொல்ல வேண்டும். சுருள்களைக் காக்க அரசு செலவிட வேண்டும். விசாரிக்கச் சாட்சி உயிரோடு இருக்க வேண்டுமே!