இரண்டாம் தளத்து நாயகி: போலந்து நடிகை இரேனா க்வியாட்கோவ்ஸ்கா

நாடகத்தைப் பற்றி எழுத உட்கார்ந்தால் நாம் பெரும்பாலும் நாயக நாயகியரைப் பற்றித்தான் எழுதுகிறோம். நம் ஆண்டு நாடக விழாவுக்கு ஆள் தேர்வு நடக்கும்போதும் இதே நிலைதான். கதாநாயகி பாத்திரத்திற்குப் பத்துப் பேர் வரிசையில் நிற்பார்கள். பக்கத்து வீட்டுப் பாட்டிக்கு யாருமே இருக்கமாட்டார்கள். கடைசியில் ஒப்பனைக் குழுவில் இருக்கும் ஒரு முதலாமாண்டு மாணவியைக் கெஞ்சிக் கூத்தாடி, சேலை கட்டி, தலையில் பவுடர் தூவி மேடைக்கு அனுப்பிவைப்போம். மூன்று ஆண்டுகளாக நான் தவறாமல் பார்த்துவரும் காட்சி இது. அந்தப் பாட்டிக்காகத்தான் இக்கட்டுரை. ஆனால், பேசப்போவது போலந்து நாட்டு நடிகை ஒருவரைப் பற்றி.

முதலில் ஒரு சொல்லாராய்ச்சி. (தமிழ்ப்பள்ளியில் படித்துவிட்டுத் தேசிய இடைநிலைப்பள்ளிக்குப் போனவர்களுக்கு எந்தச் சொல்லையும் இரண்டு மொழியில் நிறுத்துப் பார்க்கும் பழக்கம் விடாது.) தமிழில் ‘துணை நடிகை’ என்றால் கூட்டத்தில் நிற்பவரையும் குறிக்கும். அதனால்தான் ‘குணச்சித்திர நடிகை’ என்று வேறொரு சொல்லை வைத்துக்கொண்டோம். மலாயில் ‘பெலாக்கோன் பெம்பாந்து’ என்பார்கள். உதவி செய்பவர் என்பது அதன் பொருள். போலந்து மொழியிலோ அதை ‘இரண்டாம் தளத்துப் பாத்திரம்’ என்கிறார்கள். ஓவியத்தில் முன்னால் இருப்பது, பின்னால் இருப்பது என்று சொல்வோமே, அப்படி. யாருக்கும் உதவியாளாக இல்லை. சற்றுப் பின்னால் நிற்கிறார், அவ்வளவுதான். மூன்றில் எனக்குப் பிடித்தது இந்தச் சொல்தான்.

இரேனா க்வியாட்கோவ்ஸ்கா 1912 செப்டம்பர் 17ஆம் நாள் வார்சாவில் பிறந்தார். அப்போது அந்நகரம் ரஷ்யப் பேரரசின் கையில் இருந்தது. அங்கிருந்த அரசு நாடகக் கலைக் கழகத்தில் அலெக்சாண்டர் செல்வெரோவிச் என்ற பெரும் ஆசானிடம் பயின்று 1935இல் வெளியேறினார். அதே ஆண்டில் வார்சாவில் ஒரு காபரே அரங்கில் மேடையேறினார்.

‘காபரே’ என்றதும் நம்மவர்களுக்குப் பழைய தமிழ்ப்படங்களின் கிளப் நடனம் நினைவுக்கு வரும். போலந்தில் அது வேறு. பாட்டும் குறுநாடகமும் கிண்டலும் கலந்த இலக்கிய மேடை அது. நல்ல கவிஞர்கள் அதற்கு எழுதினார்கள். ஒரு நடிகைக்கு அங்குக் கிடைப்பது ஐந்து நிமிடம். அந்த ஐந்து நிமிடத்தில் ஒரு முழு மனிதரை உருவாக்கிக் காட்டிவிட்டு இறங்க வேண்டும். இரேனா கற்ற பாடம் இதுதான் என்பேன். பின்னாளில் திரையில் அவருக்கு எவ்வளவு சிறிய இடம் கிடைத்தாலும் அது அவருக்குப் போதுமானதாக இருந்தது.

1939இல் போர் வந்தது. ஜெர்மானியர் ஆட்சியில் போலந்தின் நாடக அரங்குகள் மூடப்பட்டன. அவர்கள் அனுமதித்த அரங்குகளில் நடிக்க வேண்டாம் என்று தலைமறைவு நடிகர் அமைப்பு கேட்டுக்கொண்டது. பெயர்பெற்ற நடிகர்கள் பலர் உணவகங்களில் பரிமாறிப் பிழைத்தார்கள். 1944 ஆகஸ்டு 1ஆம் நாள் தொடங்கி 63 நாள்கள் நீடித்த வார்சா எழுச்சியில் இரேனாவும் உள்நாட்டுப் படையைச் சேர்ந்தவராகப் பங்கெடுத்தார். நகைச்சுவை நடிகை என்றால் வாழ்க்கையை விளையாட்டாக எடுத்துக்கொண்டவர் என்று எண்ணுவோருக்கு இந்த ஒரு செய்தி போதும்.

போருக்குப்பின் வார்சா இடிபாடுகளாகக் கிடந்ததால் கலைஞர்கள் பலர் கிராக்கோவ் நகரில் கூடினர். அங்கு ‘ஏழு பூனைகள்’ என்ற சிறு அரங்கில் இரேனா நடித்தார். கவிஞர் கவுச்சின்ஸ்கி அப்போது ஒரு வார இதழில் ‘பச்சை வாத்து’ என்ற பெயரில் மிகச் சிறிய அபத்த நாடகங்களை எழுதிவந்தார். சில வரிகளிலேயே திரை விழுந்துவிடும் நாடகங்களும் அவற்றில் உண்டு! அந்த உலகத்துப் பாத்திரமான ஹெர்மெனெகில்டா என்ற பெண்மணிக்கு மேடையில் உயிர்கொடுத்தவர் இரேனா. பிறகு வார்சாவுக்குத் திரும்பி, ‘சிரேனா’ முதலிய அரங்குகளில் நடித்தார். பிஷிபோராவும் வசோவ்ஸ்கியும் 1958 முதல் 1966 வரை தொலைக்காட்சியில் நடத்திய ‘முதிய கனவான்களின் காபரே’யிலும் அவர் உண்டு.

அவருக்கு அழியாப் புகழ் தந்தது ‘நாற்பது வயதுக்காரர்’ என்ற தொலைக்காட்சித் தொடர். யெஜி குரூசா இயக்க, 1974 முதல் 1977 வரை 21 பாகங்களாகப் படமாக்கப்பட்டது. கதை ஸ்டெஃபான் கர்வோவ்ஸ்கி என்ற கட்டுமானப் பொறியாளரையும் அவர் குடும்பத்தையும் பற்றியது. இரேனாவின் பாத்திரத்திற்கு ஊரும் இல்லை, உறவும் இல்லை, ஒழுங்கான பெயர்கூட இல்லை. ‘உழைக்கும் பெண்’ என்பதே அடையாளம். ஒவ்வொரு முறையும் புதியதொரு வேலையோடு வந்து நிற்பார். தான் உழைக்கும் பெண், எந்த வேலைக்கும் அஞ்சாதவள் என்று அறிவிப்பார். சில நிமிடங்களில் போய்விடுவார்.

இது ஏன் இவ்வளவு சிரிப்பை வரவழைத்தது? எனக்குத் தெரிந்தவரை இரண்டு காரணங்கள். ஒன்று, பார்ப்பவருக்குப் பாதி தெரியும், பாதி தெரியாது. அவர் வருவார் என்பது தெரியும். இந்த வாரம் என்ன வேலையில் வருவார் என்பது தெரியாது. கர்வோவ்ஸ்கியின் கதையில் மனம் இருக்கும்போதே கண் வாசற்கதவைத் தேடத் தொடங்கிவிடும். இரண்டாவது காரணம்தான் முக்கியம். அந்தப் பெண்ணுக்குத் தான் வேடிக்கையானவள் என்பது தெரியாது. இரேனா ஒரு கணமும் கண்ணடிப்பதில்லை, சிரிப்புக்காக நின்று காத்திருப்பதில்லை. நிமிர்ந்த முதுகு, தெளிவான உச்சரிப்பு, ஓர் அறிக்கை வாசிப்பது போன்ற குரல். நம் மேடையில் நகைச்சுவை என்றால் குரலை மாற்றி, இடுப்பை வளைத்து, கைதட்டு வரும்வரை அதையே திரும்பச் செய்கிறோம். அவர் செய்தது நேர் எதிரானது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பொதுவுடைமை ஆட்சியில் ‘உழைக்கும் பெண்’ என்பது சுவரொட்டிகளில் ஒளிர்ந்த சொல். 1975ஆம் ஆண்டை ஐக்கிய நாட்டு நிறுவனம் அனைத்துலகப் பெண்கள் ஆண்டு என அறிவித்ததும் நினைவிருக்கட்டும். அந்தச் சொல்லை அப்படியே எடுத்து, முழு நம்பிக்கையோடு, எழுத்துப் பிசகாமல் பேசினார் இரேனா. தணிக்கை செய்பவர் எதைக் குறை சொல்வார்? பார்த்தவர்களோ புரிந்துகொண்டு சிரித்தார்கள். அதேசமயம் அந்தப் பெண்ணை யாரும் இகழ்ந்ததில்லை. கொள்கை முழக்கம் சிரிப்புக்கு ஆளானது. உழைத்தவளின் மரியாதை குறையவில்லை. இந்த நுட்பத்தை ஒரு கதாநாயகி பாத்திரத்தில் செய்திருக்க முடியுமா என்பது ஐயமே.

1989இல் ஆட்சி மாறியபின், 1993இல் அத்தொடரின் அடுத்த பகுதி வந்தபோது, எண்பதை எட்டிய இரேனா மீண்டும் அதே பாத்திரத்தில் வந்தார். இறுதிக் காலத்தை வார்சாவுக்கு அருகே ஸ்கோலிமூவில் உள்ள முதிய மேடைக் கலைஞர்களின் இல்லத்தில் கழித்து, 2011 மார்ச் 3ஆம் நாள் தம் 98ஆம் வயதில் காலமானார். குழந்தைகளுக்காக அவர் பதிவுசெய்த கதைகளும் கவிதைகளும் ஏராளம். அவற்றுள், பறவைகள் வானொலி நடத்துவதாகத் தூவிம் எழுதிய கவிதையைக் கேட்டுப் பாருங்கள். போலிஷ் மொழி தெரியவேண்டியதில்லை. ஒரே தொண்டையிலிருந்து எத்தனை பறவைகள் வருகின்றன என்று எண்ணினால் போதும்.