ஆவடி எத்தனை பாகையில் இருக்கிறது?

கேள்வி: புள்ளி குறிக்க எக்ஸ், ஒய் போதாதா? தூரமும் கோணமும் எதற்கு?
- ஆவடி வாசகர்

பதில்: எல்லா இடத்திலும் போதாது. சென்னைத் துறைமுகத்தில் 2002-இல் நிறுவப்பட்ட டாப்ளர் வானிலை ரேடாரைப் பாருங்கள். அலை போய்த் திரும்பும் நேரம் தூரத்தைத் தருகிறது. ஆன்டெனா நோக்கும் திசை கோணத்தைத் தருகிறது. எக்ஸும் ஒய்யும் அதன் பிறகு கணக்கிடப்படுபவை. அங்கிருந்து ஆவடியும் பூந்தமல்லியும் ஏறத்தாழ ஒரே தூரம், 21 கி.மீ. அளவு. கிழக்கிலிருந்து இடஞ்சுழியாக அளந்தால் ஆவடி சுமார் 170 பாகை, பூந்தமல்லி சுமார் 190. ஆகவே முதலில் கோணத்துக்குக் கதிர் வரைந்து, அதன் மேல் தூரத்தை அளந்து புள்ளி வையுங்கள். 530 பாகையும் அதே ஆவடிதானே, ஓரிடத்துக்குப் பல முகவரியா என்பது நியாயமான ஆட்சேபம். கோணத்தை 360-க்குள் நிறுத்தி, தூரத்தை மிகை எண்ணாகக் கொண்டால் அது தீரும். தீராத குறை வேறு: 20 கி.மீ.-இல் ஒரு பாகையின் அகலம் 350 மீட்டர், 200 கி.மீ.-இல் மூன்றரை கி.மீ. தொலைதூர மேகங்களை ரேடார் நுணுக்கமாகப் பிரித்துக் காட்ட முடியாததற்கு இது முக்கியக் காரணம்.