கிழங்கான் மீன்

திண்டிவனத்திலிருந்து பெருமுக்கல் குன்றைக் கடந்து கிழக்கே சென்றால், மரக்காணத்து உப்பளங்கள் வெள்ளை வெளேரெனத் தோன்றும். அவற்றிற்கு அப்பால் கழியும் கடலும் உள. இத்தகைய கரையோரங்களில், ஆழமற்ற மணற்றரையில் வாழும் சிறுமீன் கிழங்கான். அது பெரும்பாலும் ஒரு சாண் நீளமுடையது. செங்கடற்கரையில் இதனைக் கண்டு ‘சிகாமா’ எனப் பெயரிட்ட போர்ஸ்கால் என்னும் அறிஞர் 1763இல் ஏமன் நாட்டிலேயே மாண்டார். அவர்தம் நூல் 1775இல் வெளிவந்தது. கிழங்குபோல் மண்ணுள் புதைதலின் தமிழில் இப்பெயர் பெற்றது போலும் என்று யான் கருதுவதுண்டு.

இம்மீனுக்கு நஞ்சில்லை, கொடிய பற்களும் இல்லை. மணலே இதற்கு உணவுக்கலம், மணலே அரண். கூர்த்த முகத்தால் மணலைக் கிளறிப் புழுக்களையும் சிற்றிறால்களையும் உண்ணும். பகை நெருங்கின் நொடியில் மணலுள் மறையும். வலை அதன்மேலாகச் சென்றுவிடும். ஆயினும் வலைஞர் இச்சூழ்ச்சியை அறிவர். வளைத்த வலையினுள் இறங்கி, வெறுங்காலால் மணலை மெல்ல மிதித்து வருவர். உள்ளங்காலின்கீழ் ஏதேனும் நெளிந்தால், அங்கேயே குனிந்து கையாற் பற்றுவர்.

இதன் குஞ்சுகள் கழியின் ஆழமற்ற நீரிலும் வளரும். கழிமுகம் மணல்மேடிட்டுத் தூர்ந்துபோமாயின், அவை உட்புக வழியிராது. காத்த மணலே அப்பொழுது தடையாகும்; மழைவெள்ளம் அதனை உடைக்கும்வரை கழியின் வாயில் திறவாது.